மேஜைக்கு எதிரே ஒரு முகம்

"தொடாதீங்க!"

ஜட்ஜம்மா போட்ட சத்தத்தில் சாப்பாட்டு அறையே அடங்கிப்போயிற்று. தட்டும் கையுமாக நின்றவர்கள் எல்லாரும் திரும்பினார்கள்.

சுவரில் மாட்டியிருந்த படத்தில் ஓர் இளைஞனின் முகம். அதன் கன்னத்தில் உள்ளங்கையை வைத்திருந்த பெண், சுட்டதுபோலக் கையை இழுத்துக்கொண்டாள். அறுபதை ஒட்டிய வயது. வெளியே குளிருக்குப் போட்டு வந்த பழைய கோட்டைக்கூட இன்னும் கழற்றவில்லை.

"யாரு இது? யாரோட வந்துச்சு?" என்று பல் டாக்டரின் மனைவி கிசுகிசுத்தாள். "எல்லாரும் வாங்கன்னு சர்ச்சுல பொதுவா சொன்னா இப்படித்தான். படம் பாக்கவா வர்றாங்க? சாப்பாட்டுக்கு!"

ஆர்னெட்டா ஸ்பைவி சிகாகோவில் கிரிமினல் கோர்ட் ஜட்ஜாக இருந்து ஓய்வு பெற்றவர். சம்பளத்தில் பாதியைப் படங்களிலேயே போட்டவர். ஹைட்டிக்காரர் வரைந்த சந்தை, ஜமைக்காவில் பிறந்து லண்டனில் செத்தவரின் கடல், பிரேசில் பெண்ணொருத்தி தைத்த துணி ஓவியம் என்று வீடு முழுக்கக் கறுப்பினக் கலைஞர்கள்தான். வருஷத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, சர்ச் முடிந்ததும் வீட்டைத் திறந்து விட்டு, வந்தவர்களுக்கெல்லாம் விருந்தும் போடுவார்.

கத்திவிட்டதற்கு அவருக்கே சங்கடமாகிவிட்டது. அந்தப் பெண்ணின் பக்கத்தில் போனார்.

"கோவிச்சுக்காத தங்கச்சி. ஜெயில் படுக்கை விரிப்புல காப்பித்தூளைக் கரைச்சு வரைஞ்சது இது. விரல் பட்டாலே உதிர்ந்துடும். அதான் பதறிட்டேன்."

"ஆரம்பிச்சுட்டாங்கய்யா!" என்றார் பல் டாக்டர். "ஜட்ஜம்மா, ஒரு படத்துக்கு அரைமணி நேரம் கதை சொன்னா மீனெல்லாம் ஆறிப்போயிடும்."

"கோர்ட்டுல பத்து நிமிஷத்துல ஒரு கேஸை முடிச்சவ நான். வீட்டுலயாவது நிதானமாப் பேச விடுய்யா!"

எல்லாரும் சிரித்தார்கள். அந்தப் பெண் மட்டும் சிரிக்கவில்லை.

"கீழே பாரு, பீவீன்னு ஏதோ பட்டப்பேரைக் கையெழுத்தாப் போட்டிருக்கான். அதுக்கு மேல ஒண்ணும் தெரியாது. ஜெயில்லயே செத்துட்டானாம். வீட்டுக்காரங்க பேரைச் சொல்ல வேணாம்னுட்டாங்களாம். அவன் வரைஞ்சது மொத்தம் அஞ்சு. ஆளுக்கொண்ணாச் சிதறிடக் கூடாதுன்னு எல்லாத்தையும் நானே வாங்கிட்டேன். அவன் தன்னையே வரைஞ்ச இந்த மொகத்தை மட்டும் மேஜைக்கு எதிரே மாட்டினேன். தினம் இவனைப் பார்த்துக்கிட்டேதான் சாப்பிடுவேன்."

"எதுக்கு?" என்று கேட்டாள் அவள்.

"எதுக்குன்னா... அந்தக் கண்ணைப் பாரேன். நம்மகிட்ட என்னமோ கேக்குற மாதிரி இல்ல?"

அவள் அந்தக் கண்களை ஏறிட்டுப் பார்த்தாள்.

"எம் மகன்தான்" என்றாள்.

யாரோ முள்கரண்டியைக் கீழே போட்டார்கள். பல் டாக்டரின் மனைவி தலையைக் குனிந்துகொண்டாள். பிறகு அவளே ஓடிப்போய் ஒரு நாற்காலியைக் கொண்டுவந்து போட்டாள்.

ஜட்ஜம்மா அந்தப் பெண்ணைச் சேர்த்து அணைத்து உட்கார வைத்தார். தானும் பக்கத்தில் உட்கார்ந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

"உம் பேரென்னம்மா?"

"எர்லீன்."

"அவனுக்கு என்ன ஆச்சு எர்லீன்? சொல்லு. மனசுல வெச்சுக்காத."

"அவன் பெரியப்பா மகன் கார்ல கூட்டிட்டுப் போனான். இவன் கார்லயேதான் உட்கார்ந்திருந்தான். அந்தப் பெரியவன் கடைக்குள்ள போய்க் கல்லாவுல இருந்த ஆளைச் சுட்டுட்டான். இவனுக்கும் சேர்த்து முப்பது வருஷம் போட்டாங்க."

"எத்தனை வயசு அப்போ?"

"பதினஞ்சு. ஆளு ஒசரமா இருப்பான், அதனால பெரியவங்களோடயே அடைச்சுட்டாங்க. அவனுக்கு இழுப்பு உண்டு. ஒருநாள் மூச்சு முட்டிக் கதவைத் தட்டியிருக்கான். நடிக்கிறான்னு விட்டுட்டாங்க." சுவரைப் பார்த்தாள். "அவனை அடக்கம் பண்ணத்தான் படத்தையெல்லாம் வித்தேன்."

ஜட்ஜம்மாவின் கண்ணிலிருந்து நீர் தாரை தாரையாக வழிந்தது. துடைத்துக்கொள்ளவும் இல்லை.

"கார்ல உட்கார்ந்திருந்த குழந்தைக்கு முப்பது வருஷமா? எவன் அந்த ஜட்ஜு? அவன் பிள்ளை குட்டி பெத்தவன்தானா? மொகத்தைப் பார்த்தும் எப்படி மனசு வந்துச்சு அவனுக்கு? பேரைச் சொல்லு எர்லீன். எனக்கு இன்னும் நாலு பேரைத் தெரியும். அவனை நான் சும்மா விடமாட்டேன்!"

எர்லீன் தன் கையை மெதுவாக உருவிக்கொண்டாள். ஜட்ஜம்மாவின் முகத்தையே பார்த்தாள். விளையாட்டுக்குச் சொல்கிறாரோ என்று தேடுவதுபோல இருந்தது அந்தப் பார்வை.

"நெஜமாவே ஞாபகம் இல்லையா ஜட்ஜம்மா? நீங்கதான்."

ஜட்ஜம்மா சுவரிலிருந்த முகத்தைத் திரும்பிப் பார்த்தார்.

எர்லீன் எழுந்து கோட்டின் பொத்தானைப் போட்டுக்கொண்டாள்.

"அவன் மொகத்தை உங்க சாப்பாட்டு மேஜைக்கு எதிரே மாட்டியிருக்கீங்கன்னு படம் வித்த கடைக்காரர் சொன்னாரு. பாவம், உறுத்தல் தாங்காமத்தான் வெச்சிருக்கீங்கன்னு நெனச்சேன். மன்னிச்சுட்டேன், நிம்மதியாச் சாப்பிடுங்கன்னு சொல்லிட்டுப் போகத்தான் வந்தேன்."