பட்டியலில் மாஹிர் இல்லை

"என் மகன் செத்துட்டானா, சகாயம்?"

சுலைமான் போட்ட சத்தத்தில் வரிசையில் நின்ற நாலு பேரும் திரும்பிப் பார்த்தார்கள்.

மேஜைக்குப் பின்னால் இருந்த வார்டு அலுவலக கிளார்க் சகாயராஜ் மட்டும் நிமிரவில்லை. மின்சாரம் போய் மின்விசிறி நின்றிருந்தது. எழுதுகிற கையோடு காகிதமும் ஒட்டிக்கொண்டு வந்தது.

"காலையிலேயே சொன்னேனே, பாய். திருத்த ஃபாரம் தீர்ந்துபோச்சு."

"நேத்தும் இதையேதான் சொன்னே."

"நேத்தும் தீர்ந்துதான் போயிருந்துச்சு."

பர்மாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்து ஐந்து வருஷம் ஆகப்போகிற நேரத்தில் அறிவித்த தேர்தல். பசுந்தாங் பேட்டையில் இந்தத் தெருவின் வாக்காளர் பட்டியலை அலுவலக வாசல் பலகையில் ஒட்டியிருந்தார்கள். திருத்தத்துக்கு இன்று நாலு மணியோடு கடைசி. இப்போது மூன்றே கால்.

"என் பேர் இருக்கு. வீட்டுல உள்ளவ பேர் இருக்கு. மக ஃபஹீமா பேர் இருக்கு. இருபது வயசுப் பையன் மாஹிர் பேர் மட்டும் எங்கே போச்சு?"

"எழுதறப்ப விட்டுப் போயிருக்கும். ஒரு ஓட்டுதானே? அவன் வந்து போட்டாத்தான் ஜெயிப்பாங்களாக்கும்."

வரிசையில் யாரோ சிரித்தார்கள். சிரித்ததற்குப் பயந்து உடனே இருமினார்கள்.

"ஓட்டு யாருக்குய்யா வேணும்?" சுலைமான் பிளாஸ்டிக் உறையிலிருந்து மகனின் இளஞ்சிவப்பு நிறக் குடியுரிமை அட்டையை எடுத்து மேஜைமேல் வைத்தார். "இதை வாங்க மூணு வருஷம் ஆபீஸ் ஆபீஸா ஏறி இறங்கினேன். ஒரே ஒரு காகிதத்துல பேர் விட்டுப்போனாப் போதும், நாளைக்கு எவனாவது வந்து 'நீ இந்த ஊர்க்காரனே இல்லை'ம்பான். எங்க வாப்பாவைச் சொன்னான், என்னைச் சொன்னான். இவனையும் சொல்லணுமா? ஒரே தெரு, ஒரே குழாய்த் தண்ணி. நீயே இப்படிச் செய்யலாமா, சகாயம்?"

சகாயராஜ் பேனா முனையால் அட்டையைத் திருப்பித் தள்ளினார்.

"வீட்டுக்குப் போங்க, பாய்."

"போறேன். நாலு மணிக்கு வார்டுத் தலைவர் கையெழுத்துப் போட வருவாரில்ல? எங்க ஆளுங்க பேரையெல்லாம் உங்க கிளார்க் அழிக்கிறான்னு சொல்லிட்டுப் போறேன்."

பேனா நின்றது. பிறகு மறுபடியும் எழுதியது.

வெறுமனே புகார் சொன்னால் எடுபடாது. விடுபட்ட பெயர்களைக் குறித்துக்கொள்ள சுலைமான் பலகைக்குப் போனார்.

இக்பால் வீட்டில் மகன் பெயர் இல்லை. ஷாநவாஸ் வீட்டில் இரண்டு மகன்களும் இல்லை. நினைத்தது சரிதான். விரல் இறங்கிக்கொண்டே போனது.

டீக்கடை கோ துன் வீட்டிலும் பையன் இல்லை. அவர்கள் பர்மியர்கள் ஆயிற்றே? சீனரின் ரொட்டிக் கடை வீட்டிலும் இல்லை.

அறுபது வீடு. கிழவர்கள் இருந்தார்கள். பெண்கள் இருந்தார்கள். வாலிபன் என்று ஒரே ஒருத்தன்தான் இருந்தான். முப்பத்தொன்றாம் எண், மூன்றாம் மாடி. ஆண்ட்ரூ, வயது பத்தொன்பது.

சகாயராஜின் மகன்.

சுலைமான் திரும்பி வந்தபோது வரிசை கலைந்துவிட்டிருந்தது.

"பலே! ஊரான் பிள்ளைக்கெல்லாம் பட்டை நாமம். உன் பிள்ளைக்கு மட்டும் ஓட்டு. நல்லா இருக்கு ஐயா உங்க நியாயம்!"

"மெதுவா, பாய்."

"ஏன் மெதுவா? வரட்டும் தலைவர்."

சகாயராஜ் வாசலைப் பார்த்துவிட்டு மேஜைமேல் குனிந்தார். "பட்டாளத்துக்குப் பையன்களைச் சீட்டுக் குலுக்கிப் போட்டு எடுக்கிறாங்கள்ல..."

"அது வேற பட்டியல்."

"போன மாசம் வரைக்கும் வேற. இனிமே இந்தப் பட்டியல்லேருந்துதான் குலுக்குவாங்க."

வெளியே கார்க் கதவு அறைந்து மூடும் சத்தம் கேட்டது.

மேஜைமேல் கிடந்த அட்டையைச் சுலைமான் எடுத்தார். சட்டைப் பைக்குள் போடுவதற்குள் வார்டுத் தலைவர் உள்ளே வந்துவிட்டார்.

"ஊ சுலைமான்! உங்களுக்கு இங்கே என்ன வேலை? சத்தம் தெருவரைக்கும் கேட்டதே?" பெயருக்கு முன்னால் பர்மிய மரியாதைச் சொல் போட்டு, பர்மிய மொழியிலேயே கேட்டார்.

சகாயராஜ் காகிதங்களை அடுக்கிக்கொண்டிருந்தார். அடுக்கியதையே மறுபடியும் அடுக்கினார்.

சுலைமான், வீட்டில் இருக்கும் மகனின் அட்டையைச் சட்டைப் பைக்குள் தள்ளினார்.

"மாஹிர் தாய்லாந்துக்கு வேலைக்குப் போயிட்டான், ஸயா. அவன் பேர் தப்பா ஏறியிருக்கான்னு பார்க்க வந்தேன். இல்லை. பட்டியல் சரியாத்தான் இருக்கு."

"இந்தத் தெருவே தாய்லாந்துக்குப் போயிட்டது போல!" தலைவர் சிரித்துக்கொண்டே பக்கங்களைப் புரட்டினார். ஓரிடத்தில் அவர் விரல் நின்றது. "உன் மகன் போகலையா, சகாயராஜ்?"

"இல்லை, ஸயா. இங்கேதான் இருக்கான்."

தலைவர் தலையை ஆட்டினார். கடைசிப் பக்கத்தில் கையெழுத்துப் போட்டார். காகிதக் கட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு போய்விட்டார்.

கார் சத்தம் தேய்ந்து மறைந்ததும் சுலைமான் மேஜைமேல் குனிந்தார்.

"தெருவுல உள்ள பையன் அத்தனை பேரையும் மறைச்சியே, சகாயம். உன் பிள்ளை பேரை மட்டும் ஏம்ப்பா எழுதினே?"

சகாயராஜ் பேனாவை மூடி வைத்தார்.

"ஒருத்தன்கூட மிச்சமில்லேன்னா சந்தேகப்பட்டு வீடு வீடா ஏறுவாங்க, பாய். ஒரு பேராவது எழுதியே ஆகணும். யார் வீட்டுப் பிள்ளையை எழுதறது, நீங்களே சொல்லுங்க?"