பஷ்தூன் வழக்கம்

நூலக விழாவில் பேசவிருந்த உரையை மனைவி அன்னபூரணியிடம் ஒத்திகை பார்த்தார் சிதம்பரநாதன்.

"துப்பாக்கி வேணாம், எங்க மலையை நாங்களே ஆளணும்னு ஊர் ஊரா நடந்தார், வடமேற்கு எல்லை மலையில வாழ்ற பஷ்தூன் இனத்துப் பெரியவர் ஒருத்தர். எதிராளி வீட்டுக்கே ஒரு ஆட்டைப் பிடிச்சுக்கிட்டுப் போய் சமாதானம் கேட்டார்."

"எதிராளி விரட்டலையா?"

"வாசல் தேடி வந்தா மன்னிச்சே ஆகணும். அது அவங்க வழக்கம்."

"நம்மால முடியுமாங்க?"

"ஏன் முடியாது? நானா இருந்தா கட்டிப் பிடிச்சுக்குவேன்!"

"அப்ப எழுந்திரிங்க. வரப்புத் தகராறுல மூணு வருஷமா நீங்க பேசாத உங்க தம்பி வாசல்ல நிக்கிறாரு."

சிதம்பரநாதன் முறைத்தார். "நீதான் வரச் சொன்னியா?"

"ஆட்டோட வரச் சொன்னேன். நண்டுதான் கிடைச்சுதாம்."

உரையை மடித்து வைத்துவிட்டு எழுந்தார்.

"மிளகு தூக்கலாப் போடு. அவனுக்கு அப்பதான் பிடிக்கும்."