டம்ளரும் கையுமாக

பேராசிரியை ஆராய்ச்சிக்காகக் காட்டுக்குக் கிளம்பினால் கணவரும் ஜீப்பில் ஏறிவிடுவார். அங்கே அவருக்கு ஒரு வேலையும் கிடையாது. கண்ணாடி டம்ளரும் கையுமாகக் கூடார வாசலில் உட்கார்ந்திருப்பார். மனைவியைத் தனியே அனுப்ப மனசு வராத ஆள் என்று டிரைவர் முடிவு கட்டியிருந்தார்.

அன்று மரப்பட்டையிலிருந்து, நூல் நூலாகக் கால்கள் கொண்ட ஒன்று பேராசிரியையின் கையில் ஏறி, தோளைக் கடந்து, கன்னத்துக்கு வந்துவிட்டது.

"மேடம், சிலந்தி..." டிரைவர் இரண்டடி பின்னால் போனார்.

"இது சிலந்தி இல்ல, அதுக்குத் தூரத்துச் சொந்தம். சிலந்தின்னா இடுப்பு இருக்கும். இதுக்கு உடம்பு ஒரே உருண்டை. வலை கட்டாது, விஷமும் கிடையாது." பேராசிரியை அதைப் பதமாக விரலில் வாங்கி லென்ஸ் வைத்துப் பார்த்தார். "முதுகுல ஒத்தை முள்ளு, கால்ல வெள்ளை வளையம். இந்த இனத்தை இந்தப் பக்கம் இதுவரைக்கும் யாருமே பாத்ததில்ல."

அதை மரத்திலேயே விட்டுவிட்டு, கேமரா எடுக்கக் கூடாரத்துக்குள் போனார்.

"புலி சார் உங்க வீட்டம்மா" என்றார் டிரைவர் கணவரிடம். "இவங்களுக்குப் போய் துணை எதுக்கு?"

"ஏங்க..." உள்ளிருந்து அலறல் கேட்டது.

கணவர் டம்ளரோடு ஓடினார். திரும்பி வந்தபோது டம்ளரின் வாயை ஓர் அட்டை மூடியிருந்தது. உள்ளே மிளகளவு சிலந்தி.

"சின்ன வயசுலேருந்தே சிலந்தின்னா இவளுக்கு உயிர் போயிடும். எதுக்குப் பயப்படணும், எதுக்கு வேண்டாம்னு கிட்டப் போய்ப் பாக்க ஆரம்பிச்சா. அதுலேருந்து வந்ததுதான் இந்தப் படிப்பெல்லாம்."

டிரைவர் டம்ளருக்குக் கை நீட்டினார்.

"குடுங்க சார். கொஞ்சம் தூரமாவே விட்டுட்டு வரேன்."