விங்கேட்டுக்கு ஒரு ஓட்டு

ஓட்டுச்சீட்டில் டாரெல் விங்கேட் என்ற பெயருக்குப் பக்கத்து வட்டக் குமிழ் கறுப்பாக நிரப்பப்பட்டிருந்தது. அதையொட்டி, கொட்டை எழுத்தில், ‘திருடன்’.

அமெரிக்க மாநிலம் ஒன்றின் துணை ஆளுநர் தேர்தல். ஆளுநருக்கு ஏதாவது ஆகிறதா என்று நான்கு வருடம் பார்த்துக்கொண்டிருப்பதுதான் அந்தப் பதவியின் வேலை. அதற்கு மாநிலமே இரண்டாம் முறை ஓட்டுகளை எண்ணியும், போட்டியிட்ட இரண்டு பேரும் சரிசமமாக வந்து நிற்கிறார்கள்.

மிச்சம், இந்த மாவட்ட நீதிமன்றத்து மேஜையில் கிடக்கும் இந்த ஒரு சீட்டு.

செல்லுமென்றால் விங்கேட் துணை ஆளுநர். செல்லாதென்றால் இரண்டு பெயரையும் கிண்ணத்தில் போட்டு ஒன்றை எடுப்பார்கள். முடிவு சொல்ல வேண்டியவள் தேர்தல் அலுவலர் லர்லீன்.

முதியோர் இல்லத்துக் கூரைக்கு வந்த பணத்தில் விங்கேட் படகு வாங்கினார். படகுக்கு ‘நேர்மை’ என்று பெயர் வைத்தார். மழை பெய்தால் அந்த இல்லத்தில் லர்லீனின் அப்பா குடையைப் பிடித்துக்கொண்டு தூங்குவார்.

விங்கேட்டின் ஆள் ராய்ஸ் டோனட்டை மென்றபடி குனிந்தான். சர்க்கரைத் தூள் சீட்டின் மேல் உதிர்ந்தது.

“திருடன்னு தெரிஞ்சே போட்டிருக்காங்க மேடம். இதைவிடக் கெட்டியான ஓட்டு எங்க கிடைக்கும்?”

“திருடன் எவன்னு அடையாளம் காட்டியிருக்காங்கடா, அவ்வளவுதான்,” என்றாள் எதிர்த்தரப்பின் கான்ஸ்டன்ஸ்.

குமிழ் நிரம்பியிருந்தால் அது ஓட்டு. பக்கத்தில் என்ன எழுதியிருந்தாலும் சரி. சட்டத்தில் ஒரே ஒரு விலக்கு உண்டு. எழுதியவர் இன்னார் என்று மேஜையில் இருக்கும் யாருக்காவது தெரிந்துவிட்டால் சீட்டு செல்லாது.

எழுதியது யாரென்று தெரியுமா என்று லர்லீன் முறைப்படி கேட்டாள்.

ராய்ஸ் தெரியாது என்றான். கான்ஸ்டன்ஸும் தெரியாது என்றாள்.

லர்லீனை யாரும் கேட்கவில்லை. கேட்பதே அவள்தான்.

தூளை ஊதிவிட்டு, ‘செல்லும்’ என்ற முத்திரையை எடுத்துக் குத்தினாள். ராய்ஸ் அவளுக்கும் ஒரு டோனட் நீட்டினான். வாங்கிக்கொண்டாள்.

மூன்று வாரத்துக்கு முன், பரம்பரைக் கட்சியை விட்டுக்கொடுக்க மனம் வராமல் அந்தக் குமிழைக் கறுப்பாக்கிவிட்டு, பக்கத்தில் அந்த ஒரு சொல்லையும் எழுதி முடித்தபோது, லர்லீனுக்கு எவ்வளவோ நிம்மதியாக இருந்தது.