ஆறிய தணல்

கனெக்டிகட் குளிரில், ஆலயத்துக்குள் மூச்சு விடுகிற வாயெல்லாம் புகைகிறது. தொண்டை கட்டிப்போன கல்லூரித் தலைவர் போதகர் ஒபதியா பெல்டிங், சபையைப் பார்த்திருக்கும் மூப்பர் பெஞ்சில் கம்பளி சுற்றி உட்கார்ந்திருக்கிறார். பிரசங்க மேடையில், அவருடைய மேடையில், கல்லூரியின் இளம் ஆசிரியன் ஆசகேல் பேசிக்கொண்டிருக்கிறான். குரலில் அப்படி ஒன்றும் கம்பீரமில்லை. கையை வேறு அதிகமாக ஆட்டுகிறான். பிரசங்க நேரத்தை அளக்கும் மணற்கடிகாரம் வடிந்து தீர்கிறது. பெல்டிங் பேசும் நாளில் இந்நேரம் பூட்ஸ் கால்கள் தரையைத் தேய்க்க ஆரம்பித்திருக்கும். இன்று டீக்கன் பிரின்ஸ் தானாகவே எழுந்து கடிகாரத்தைத் திருப்பி வைக்கிறார். "நிறுத்தாதீங்க தம்பி, சொல்லுங்க." இப்படி ஒரு வார்த்தையை அவர் பெல்டிங்கிடம் சொன்னதே இல்லை. முன்வரிசையில் பெல்டிங்கின் மனைவி கெத்சியாள். பாதம் காய்வதற்காக அவள் கால்மாட்டில் வைத்திருக்கும் பெட்டியில் தணல் எப்போதோ சாம்பலாகிவிட்டது. "கால் வெறைச்சிடும்டி, என் பெட்டியில வெச்சுக்க," என்கிறாள் பக்கத்துக்காரி. "சும்மா இருடி, அவரு பேசறது கேக்கல." பெல்டிங் இருமுகிறார். வராத இருமலை வரவழைத்து இன்னொரு முறையும் இருமுகிறார். கெத்சியாள் மேடையிலிருந்து பார்வையை எடுக்காமலே உதட்டில் விரலை வைக்கிறாள். அவர் பிரசங்கம் தொடங்கியதும் அவள் கண்ணை மூடிக்கொள்வது வழக்கம். அந்த பக்தியை மணமாகப்போகும் மாணவர்களிடமெல்லாம் அவர் பெருமையாகச் சொல்லியிருக்கிறார். சன்னல் வெளிச்சம் இப்போது அவள் முகத்தில் நேராக விழுகிறது. அதற்குக்கூட அவள் கண்ணை மூடவில்லை.