நம்பாத அழைப்பு

போன வருஷம் கலைஞர் செண்பகவல்லி, தன் அப்பா இறந்து கிடப்பதுபோல் ஒரு பொய்க் காணொளி செய்து உறவுக்காரர்களுக்கு அனுப்பினாள். கண்காட்சிக்காகத்தான். மாலையோடு ஓடிவந்தவர்களைப் பார்த்து, வாசல் நாற்காலியிலிருந்து அப்பா சிரித்துக்கொண்டே எழுந்தார். அவளுக்கு விருது கிடைத்தது.

இன்று காலை அப்பா உண்மையிலேயே இறந்துபோனார். அவள் அழுதபடி, அப்பாவின் அக்காவை வீடியோ காலில் கூப்பிட்டாள். இப்போதெல்லாம் போன் திரையில் யார் முகத்துக்குக் கீழும் வருவதுபோல், அவள் முகத்துக்குக் கீழும் ‘பொய்யாக இருக்கலாம்’ என்ற எச்சரிக்கை வந்தது.

“ஏட்டி, இந்தத் தடவ நான் ஏமாற மாட்டேன்,” என்று அத்தை போனை வைத்துவிட்டாள்.

செண்பகவல்லி பஸ் பிடித்து, அத்தை இருக்கும் கோவில்பட்டிக்குப் போனாள். அத்தை அவள் கன்னத்தைத் தொட்டுப் பார்த்தாள். விரல் ஈரமானதும் செருப்புகூடப் போடாமல் கிளம்பிவிட்டாள்.

வீட்டில், ஐஸ் பெட்டியின் கண்ணாடியை மெதுவாகத் தட்டினாள் அத்தை.

“எந்திரிலே தம்பி. போன தடவ சிரிச்சேல்லா, அப்படிச் சிரி.”