பெரியநாச்சி மீன்

மற்ற வீடுகளில் மணப்பெண்ணுக்கு அருந்ததி காட்டுவார்கள். ஆவுடையப்பர் வீட்டில், பொய் சொல்ல மறுத்து விண்மீனாகிவிட்ட குலமூதாட்டி பெரியநாச்சியைக் காட்டுவார்கள். மகனின் கல்யாணத்தில் தாலி ஏறியதும் ஆவுடையப்பர் முற்றத்துக்கு வந்து, பட்டப்பகல் வானத்தை நோக்கி விரலை உயர்த்தினார்.

"தெரியுதாம்மா?"

வானியல் படித்த மருமகள் தயாபரி கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். "அந்த இடத்துல ராத்திரியிலயும் மீன் கிடையாது மாமா."

பந்தலில் யாரோ சிரித்தார்கள். அவர் மனைவி பக்கம் திரும்பினார்.

"பிரமு, நம்ம கல்யாணத்தன்னைக்கு நீ பாத்தேல்லா? சொல்லு."

"உங்க அப்பா கை காட்டுனாவ. ஊரே பாத்துக்கிட்டு நின்னுது. தெரியுதுன்னுட்டேன்."

அன்று ஆவுடையப்பர் பார்த்ததும் தன் அப்பாவின் விரலைத்தான். இறக்கினால் பெரியநாச்சி விழுந்துவிடுவாள் என்பதுபோல், உயர்த்திய விரலோடு அவர் அப்படியே நின்றார்.